காபிக் களத்திலிருந்து ஜில்லா போர்டுக்கு: பட்டிவீரன்பட்டி சௌந்தரபாண்டியனார்

வந்த கேள்வி இது: "ஊ.பு.அ. சௌந்தரபாண்டியன் காபி வியாபாரக் குடும்பத்துக்காரர்தானே, அவர் எப்படி அரசியலுக்கு வந்தார்? மதுரை ஜில்லாக்காரர் ராமநாதபுரம் ஜில்லா போர்டுக்குத் தலைவரானது எப்படி? சாதிச் சங்கத்தில் இருந்த ஒருவரைப் போய் சுயமரியாதை மாநாட்டுக்குத் தலைமை தாங்க வைத்தார்களே, அது சரியா? சென்னை பாண்டி பஜார் இவர் பெயரில்தான் இருக்கிறதா?"

நான்கையும் தனித்தனியாகப் பிரிக்க முடியாது, ஒன்றைத் தொட்டால் மற்றது வந்துவிடும். அதனால் அவர் வாழ்க்கையை வரிசையாகச் சொல்லிக்கொண்டே பதிலுக்கு வருகிறேன். ஒன்றை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லோரும் 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டிலேயே நின்றுவிடுகிறார்கள். என்னைக் கேட்டால் அவர் யார் என்பது அந்த மேடையில் தெரிவதைவிட, ஜில்லா போர்டு ஆபீஸில் அவர் போட்ட ஒரு பஸ் உத்தரவில்தான் நன்றாகத் தெரிகிறது.

பிறந்தது 1893 செப்டம்பர் 15, பட்டிவீரன்பட்டியில். வத்தலக்குண்டிலிருந்து அய்யம்பாளையம் பக்கம் போனால் வரும் ஊர். இன்று திண்டுக்கல் மாவட்டம். 1985-ல் மாவட்டம் பிரியும்வரை மதுரைதான். பழனிமலையின் அடிவாரம் என்பதால் அந்த ஊரின் பிழைப்பு முழுக்க மலையோடு கட்டுப்பட்டது. மேலே தாண்டிக்குடி, பண்ணைக்காடு பக்கம் தோட்டங்கள், கீழே களமும் கிட்டங்கியும். நிழல் மரத்துக்கடியில் காபி, ஊடே கமலா ஆரஞ்சு, ஏலக்காய். ரோடு போடாத காலத்தில் மூட்டை இறங்கியது பொதிக்குதிரையிலும் ஆள் தலையிலும்தான்.

காபிப் பழத்தை அப்படியே காயவைத்தால் செர்ரி. தோலுரித்து, ஊறப்போட்டு, கழுவிக் காயவைத்தால் பார்ச்மென்ட். எதுவானாலும் களத்தில் பரப்பியதை வெயில் ஏற ஏறக் கிளறிக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு தூறல் விழுந்தால் படுதாவோடு ஆள் ஓட வேண்டும். ஈரம் நின்றுவிட்டால் கொட்டை நிறம் மாறும், விலை சரியும். இந்தத் தொழிலில் வளர்ந்தவருக்கு ரோடு, வண்டி, சந்தை, லைசென்ஸ் என்பதெல்லாம் பத்திரிகையில் படிக்கிற விஷயமாக இருக்க முடியாது. வீட்டு வரவுசெலவே அதில்தான் இருக்கிறது.

இனி அவர் பிறந்த சமூகத்தின் நிலைமை. இது தெரியாமல் அவருடைய அரசியல் புரியாது. தெற்கே பனையை நம்பி இருந்த நாடார்களில் ஒரு பகுதியினர் 19-ஆம் நூற்றாண்டில் வடக்கே வந்து வியாபாரத்தில் ஊன்றினார்கள். சிவகாசி, விருதுநகர், சாத்தூர், அருப்புக்கோட்டை, பாளையம்பட்டி, நம் திருமங்கலம் எல்லாம் இப்படி வளர்ந்த ஊர்கள். சரக்கோடு வரும் வண்டி இரவு பத்திரமாகத் தங்குவதற்கு மதில் சுற்றிய பேட்டை. பேட்டையில் இறங்கும் மூட்டைக்கு இவ்வளவு என்று மகமை. மகமைப் பணத்தை நிர்வகிக்க உறவின்முறை. அந்தப் பணத்தில் கோவில், கிணறு, பள்ளிக்கூடம், கோர்ட்டுச் செலவு எல்லாம் நடந்தது. விருதுநகரில் வீட்டுக்கு வீடு பிடி அரிசி வாங்கியே பள்ளிக்கூடம் நடத்தினார்கள். வெள்ளைக்காரன் கொடுத்த முனிசிபாலிட்டிக்கு முன்னாலேயே இவர்களிடம் ஒரு முனிசிபாலிட்டி இருந்தது என்று சொன்னால் மிகையாகாது.

பணம் வந்தது, மரியாதை வரவில்லை. 1897-ல் கமுதி மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோவிலுக்குள் நாடார்கள் நுழைந்தபோது, ராமநாதபுரம் சேதுபதி தரப்பில் வழக்குப் போட்டார்கள். மதுரை சப் கோர்ட்டில் தொடங்கிய அந்த வழக்கு அன்றைய கடைசி அப்பீல் கோர்ட்டான லண்டன் பிரிவி கவுன்சில்வரை போய், 1908-ல் நாடார்களுக்கு எதிராகவே முடிந்தது. இடையில் 1899-ல் சிவகாசிக் கலவரம்: ஆயிரக்கணக்கில் ஆள் திரண்டு வந்து ஊரைத் தாக்கியது. சௌந்தரபாண்டியனுக்கு அப்போது ஐந்து வயது. பிரிவி கவுன்சில் தீர்ப்பு வரும்போது பதினான்கு பதினைந்து வயதுப் பையன். அந்த வயதில் வீட்டுத் திண்ணையில் என்ன பேச்சு ஓடியிருக்கும் என்பதை நான் சொல்லத் தேவையில்லை.

கோர்ட்டு கைவிட்ட பிறகு சங்கம் வந்தது. 1910-ல் தஞ்சைப் பக்கம் பொறையாறு ரத்தினசாமி நாடார் முயற்சியில் தொடங்கிய நாடார் மகாஜன சங்கம், பிற்பாடு மதுரையை மையமாகக் கொண்டு இயங்கியது. 1921-ல் தூத்துக்குடியில் நாடார் வங்கி, அதாவது இன்றைய தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி. கடன் கிடைக்க வங்கி, குரல் கொடுக்கச் சங்கம் இரண்டும் அமைந்துவிட்டன. சர்க்காரில் உட்கார ஒரு நாற்காலிதான் பாக்கி.

அந்த நாற்காலி, வெள்ளைக்கார சர்க்கார் 1919-ல் கொண்டுவந்த மாண்டேகு செம்ஸ்போர்டு சீர்திருத்தத்தோடு வந்தது. சென்னைச் சட்டசபையில் 98 பேர் தேர்தலில் வரலாம், அதில் 28 இடம் பிராமணரல்லாதாருக்கு ஒதுக்கீடு, அதற்கு மேல் சர்க்கார் நியமிக்கும் உறுப்பினர்கள். சொத்தும் வரியும் உள்ளவர்களுக்குத்தான் ஓட்டு என்பதால், தேர்தலில் நின்று ஜெயிப்பது பெரிய நிலக்காரர்களுக்கே சுலபம். 1920-களின் தொடக்கத்தில், பிராமணரல்லாதார் கட்சியான நீதிக்கட்சியின் ஆட்சியில் சௌந்தரபாண்டியன் நியமன உறுப்பினராக உள்ளே போனார். உத்தமபாளையம் ஜமீன் குடும்பத்து பி.டி. ராஜனின் நட்பும் ஆதரவும் இதில் உதவின. பின்னாளில், 1936-ல், சில மாதம் சென்னை மாகாண முதல் மந்திரியாக இருந்த அதே ராஜன்தான். கம்பம் பள்ளத்தாக்கு ஜமீனும் பட்டிவீரன்பட்டி காபிக்காரரும் ஒரே கட்சியில் சேர்ந்தது, பழைய மதுரை ஜில்லா அரசியல் எப்படி நடந்தது என்பதற்கு நல்ல உதாரணம். மேடையும் பேச்சும் அப்புறம். முதலில் யார் யாருக்குத் தெரிந்தவர் என்பதுதான் கணக்கு.

இதே 1921 வாக்கில் சர்க்கார் பதிவேடுகளிலும் மக்கள்தொகைக் கணக்கிலும் சமூகத்தின் பெயர் நாடார் என்றே எழுதப்பட வேண்டும் என்ற சங்கத்தின் நீண்ட நாள் கோரிக்கை ஏற்கப்பட்டது. சட்டசபையில் தங்கள் ஆள் ஒருவர் இருப்பதன் அர்த்தம் சங்கத்துக்காரர்களுக்கு அப்போது புரிந்திருக்கும்.

சரி, ஜில்லா போர்டுக்கு வருவோம். மதுரைக்காரர் எப்படி ராமநாதபுரத்துக்குத் தலைவரானார் என்பது இன்றைய வரைபடத்தைப் பார்த்தால் குழப்பமாகத்தான் தெரியும். ராமநாதபுரம் ஜில்லா 1910-ல் மதுரையிலிருந்தும் திருநெல்வேலியிலிருந்தும் துண்டு எடுத்து உருவானது. விருதுநகர், சிவகாசி, சாத்தூர், அருப்புக்கோட்டை எல்லாம் அதில்தான் இருந்தன. ஆனால் அந்த ஜில்லாவின் தலைமையிடம் மதுரை நகரம். ராமநாதபுரம் கலெக்டர் மதுரையில் உட்கார்ந்துதான் ராமநாதபுரத்தை ஆண்டார், சுதந்திரத்துக்குப் பிறகும் பல வருடம் இப்படித்தான். ஆகவே மதுரையில் தொடர்புள்ள ஒருவருக்கு அது அயல் ஜில்லா இல்லை. தன் சமூகத்தின் பேட்டைகளில் பெரும்பாலானவை இருந்த ஜில்லா அது. 1920-களின் பிற்பகுதியில், சுப்பராயன் மந்திரிசபைக் காலத்தில், சௌந்தரபாண்டியன் அந்த போர்டின் தலைவரானார்.

ஜில்லா போர்டு என்றால் இன்றைய தலைமுறைக்குச் சட்டென்று பிடிபடாது. எங்கள் பக்கம் வயதானவர்கள் இன்னும் சில ரோடுகளை 'போர்டு ரோடு' என்பார்கள். மாகாண அதிகாரத்தைக் கவர்னருக்கும் மந்திரிகளுக்கும் பிரித்துக் கொடுத்த இரட்டையாட்சியில் போலீஸ், நிலவரி, கஜானா எல்லாம் கவர்னர் கையில். ரோடு, ஆரம்பப் பள்ளி, ஆஸ்பத்திரி, சந்தை, சாவடி, குடிதண்ணீர் ஆகியவை உள்ளாட்சிக்கு. மந்திரியைவிட ஜில்லா போர்டு தலைவர்தான் கிராமத்துக்காரன் கண்ணுக்குத் தெரிகிற சர்க்கார். வாத்தியார் நியமனம் அவர் கையில், ரோடு கான்ட்ராக்ட் அவர் கையில், பஸ் ஓட்ட லைசென்ஸும் போர்டின் கையில். பணம் பண்ண நினைத்தவர்களுக்கு அது நல்ல பதவி. பண்ணியவர்களும் உண்டு.

அன்றைய தனியார் பஸ்களில் ஆதிதிராவிடர்களை ஏற்றமாட்டார்கள். மற்ற சாதிக்காரர்கள் பக்கத்தில் உட்கார மறுப்பார்கள், அதனால் டிக்கெட் போகாது என்பது முதலாளிகள் சொன்ன காரணம். காசு கையில் வைத்துக்கொண்டு ரோட்டோரம் நிற்பவனை விட்டுவிட்டு வண்டி போகும். அந்த ரோடு போர்டு ரோடு, அதற்கான வரியில் அவனுடைய காசும் உண்டு. இதைக் கண்டித்துத் தீர்மானம் போட்டிருக்கலாம், உபதேசம் செய்திருக்கலாம், அறிக்கை விட்டிருக்கலாம். அன்றைக்கு நிறையப் பேர் அதைத்தான் செய்தார்கள். சௌந்தரபாண்டியன் பஸ் முதலாளிகளுக்கு உத்தரவு அனுப்பினார்: ஆதிதிராவிடர்களை ஏற்ற மறுக்கும் பஸ்ஸின் லைசென்ஸ் ரத்து.

இந்த உத்தரவில் ஒரு வியாபாரியின் கையெழுத்து இருக்கிறது என்பேன். பஸ் முதலாளியின் மனம் திருந்த வேண்டும் என்று அவர் காத்திருக்கவில்லை. முதலாளி என்னவும் நினைத்துக்கொள்ளட்டும். வண்டி கடனில் வாங்கியது, ஒரு நாள் நின்றாலும் நட்டம், லைசென்ஸ் போனால் தொழிலே போச்சு. எங்கே பிடித்தால் வலிக்கும் என்பது களத்தில் மூட்டை எண்ணி வளர்ந்தவருக்குத் தெரியும். தலைவர் பதவி இருக்கும்வரை மட்டுமே செல்லும் அதிகாரம் அது என்பதும் தெரிந்திருக்கும். இருக்கும்போதே பயன்படுத்திவிட்டார். இதில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். இந்த உத்தரவால் அவருக்கு ஓட்டு எதுவும் கூடப்போவதில்லை, ஏனென்றால் பஸ்ஸில் ஏற முடியாதவர்களில் பெரும்பாலோருக்கு ஓட்டே கிடையாது. ஓட்டு இருந்தது பஸ் வைத்திருந்தவர்களிடமும் அவர்களுக்கு வேண்டியவர்களிடமும்.

இந்தப் பின்னணியோடு செங்கல்பட்டைப் பார்த்தால், அவரை ஏன் தலைமைக்கு அழைத்தார்கள் என்பது விளங்கும். 1929 பிப்ரவரி 17, 18 தேதிகளில் அங்கே நடந்தது முதல் சுயமரியாதை மாகாண மாநாடு. பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை, பெண்ணின் திருமண வயது பதினாறுக்கு மேல், விதவை மறுமணம், சாதிப் பட்டத்தை விடுவது என்று அன்றைக்குக் காது கூசும்படியான தீர்மானங்கள். தலைமை வகித்த சௌந்தரபாண்டியன் தன் பெயரிலிருந்த 'நாடார்' பட்டத்தை விட்டார். சுயமரியாதைச் சங்கம் அமைந்தபோது அதன் தலைவரும் அவர்தான், துணைத் தலைவர் பெரியார். இது பலருக்கு ஆச்சரியமாக இருக்கும். என் கணிப்பு, பெரியார் கணக்குப் போட்டே இதைச் செய்திருக்கிறார். நாத்திகக் கூட்டம், வேலை வெட்டி இல்லாதவர்கள் என்று ஒதுக்கப் பார்த்தவர்களுக்கு முன்னால், சட்டசபை உறுப்பினரும் போர்டு தலைவருமான ஒரு தோட்ட முதலாளியை உட்காரவைத்தால் ஒதுக்க முடியாது.

சாதிச் சங்கத்துக்காரர் சாதி ஒழிப்பு மேடையில் உட்காரலாமா என்பது அன்றைக்கே கேட்கப்பட்டிருக்க வேண்டிய கேள்விதான். முரண் இல்லை என்று நான் வாதாடமாட்டேன். பட்டத்தை விட்டவர் அந்தப் பட்டத்தையே பெயராகக் கொண்ட சங்கத்திலும் முன்னணியில் இருந்தார். சமூகத்தின் பெயரைப் பதிவேட்டில் ஏற்ற இருபது வருடம் போராடியவர்களிடம் போய், அதே பெயரை வெட்டிவிடுங்கள் என்று சொல்வது லேசான காரியமா? ஆனால் சுயமரியாதை இயக்கம் தென்பகுதியில் ஊன்றியதற்கு இந்த இரட்டை வேடமே காரணம் என்றும் சொல்லலாம். சங்கத்தின் வழியாகத்தான் புரோகிதர் இல்லாத திருமணம் என்ற பேச்சு கடைவீதிக்குள் போனது. 1928 மே மாதம் அருப்புக்கோட்டை பக்கத்தில் சுக்கிலநத்தத்தில் பெரியார் தலைமையில் நடந்ததைத்தான் முதல் சுயமரியாதைத் திருமணம் என்பார்கள். 1931-ல் மூன்றாவது சுயமரியாதை மாநாடு விருதுநகரிலேயே நடந்தது. ஊரும் பணமும் ஆளும் எங்கிருந்து வந்தன என்று பாருங்கள். கோவில் வாசலில் நிறுத்தப்பட்ட வியாபாரிகளுக்கு இந்த இயக்கம் சொன்னது, வாசலில் நிற்காதே, உன் கல்யாணத்தை நீயே நடத்திக்கொள் என்று. அந்தத் திருமணங்களைச் சட்டம் ஏற்றுக்கொள்ள அண்ணா ஆட்சிவரை காத்திருக்க வேண்டியிருந்தது என்பது வேறு கதை.

1930-களில் காற்று திசை மாறியது. பெரியார் ரஷ்யா போய்வந்து ஈரோட்டுத் திட்டம் என்று சமதர்மம் பேச ஆரம்பித்ததும், இயக்கத்துக்குப் பின்னால் இருந்த பணக்காரர்கள் பலருக்கு வயிற்றில் புளியைக் கரைத்தது. மறுபக்கம் விருதுநகர்த் தெருக்களிலேயே காமராஜ் என்ற இளைஞர் காங்கிரஸை வளர்த்துக்கொண்டிருந்தார். அதே பேட்டை, அதே உறவின்முறை, ஆனால் கதர்ச்சட்டை. 1937 தேர்தலில் நீதிக்கட்சி இருந்த இடம் தெரியாமல் போயிற்று. காமராஜ் சாத்தூர் தொகுதியில் போட்டியின்றித் தேர்வானார். ஓட்டு விரிந்துவிட்ட காலத்தில், நியமனத்தாலும் நட்பாலும் பதவிக்கு வந்த தலைமுறைக்கு இடம் குறைந்துகொண்டே போனது. சமூகத்தின் அடுத்த தலைமுறை காமராஜ் பின்னால் போய்விட்டது.

1939 ஜூலை 8-ஆம் தேதி மதுரை காங்கிரஸ் தலைவர் வைத்தியநாதய்யர் மீனாட்சியம்மன் கோவிலுக்குள் அழைத்துச் சென்ற குழுவில், கக்கன் உள்ளிட்ட ஆதிதிராவிடர்களோடு ஒரு நாடாரும் இருந்தார் என்பதை இங்கே நினைவுபடுத்த வேண்டும். அதுவரை நாடார்களுக்கும் அங்கே அனுமதி இல்லை. அதாவது சட்டசபை உறுப்பினராக இருந்து, போர்டு தலைவராக ஒரு ஜில்லாவையே நிர்வகித்த சௌந்தரபாண்டியன், தன் நாற்பத்தைந்து வயதுவரை மதுரை மீனாட்சி சன்னதிக்குள் போக முடியாதவர். போக விரும்பினாரா என்பது இரண்டாவது கேள்வி.

1953 பிப்ரவரி 22-ல் காலமானார். அவர் சமூகத்திலிருந்து ஒருவர் முதலமைச்சரானது அடுத்த வருடம் ஏப்ரலில். எந்தக் கட்சி அவருடைய கட்சியை மண்ணைக் கவ்வ வைத்ததோ அந்தக் கட்சியின் சார்பில்.

பாண்டி பஜார் கேள்விக்கு: ஆமாம், தியாகராய நகரிலுள்ள அந்தக் கடைவீதிக்கு 'சௌந்தரபாண்டியனார் அங்காடி' என்பதுதான் அதிகாரப்பூர்வப் பெயர், இவரைக் கருதி வைத்ததுதான். அந்த நகரே நீதிக்கட்சிக் காலத்தில் உருவாகி, அந்தக் கட்சியின் தியாகராயர் பெயரைத் தாங்கியது, ஆகவே சுற்றிலும் அந்தக் கட்சிக்காரர்களின் பெயர்கள்தான். பேரம் பேசி வளையல் வாங்குகிறவர்களுக்கு இது தெரியாவிட்டால் குற்றமில்லை. பட்டிவீரன்பட்டிக்காரர்களுக்குத் தெரியும், கேட்டால் பெருமையாகச் சொல்வார்கள்.

அவரைப் புகழ்ந்து எழுதுகிறவர்கள் தொடாத ஓர் இடம் உண்டு. பஸ்ஸில் ஏறும் உரிமைக்கு அவ்வளவு கறாராக நின்றவரின் தலைமுறை, மலைத்தோட்டக் கூலி விஷயத்தில் அப்படி நின்றதாகச் சொல்ல முடியாது. தோட்டத்தில் வேலை செய்தவர்களில் பெரும்பகுதி நிலமில்லாத சாதிகள்தான், பஸ்ஸில் ஏற்றப்படாத அதே ஆட்கள். அவர்களுக்கு வீடு, வைத்தியம், வேலை நேரம் என்று எழுத்தில் ஒரு கட்டாயம் வந்தது 1951-ன் தோட்டத் தொழிலாளர் சட்டத்தில்தான். அதைக் கொண்டுவந்தது டெல்லி. இதை அவர் ஒருவர் தலையில் கட்டுவது நியாயமில்லை, வியாபாரத்திலிருந்து அரசியலுக்கு வந்த அந்தத் தலைமுறை முழுவதுக்கும் பொருந்துவது இது. அடுத்தவர் பஸ்ஸுக்கு உத்தரவு போடுவதும் நம் தோட்டத்துக்கு உத்தரவு போடுவதும் ஒன்றில்லை.